வராத நாளுக்கு என்ன தண்டனை?

சென்ற மாதக் கிளைக் கூட்டத்தில் மாதர் தலைவி ஒருவர் ஒரு கடிதத்தைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார். பதிவுத் தபாலில் வந்த கடிதம். அவருக்கு வந்ததல்ல. அவருடைய பிள்ளைகள் படிக்கும் தோட்டப் பாடசாலையில் ஆரம்பப் பிரிவுக்குப் படிப்பிக்கும் டீச்சருக்கு வந்தது. அனுமதியின்றிக் கடமைக்குச் சமூகமளிக்காததால், வராத முதல் நாளிலிருந்தே அவர் தமது பதவியை வறிதாக்கியவராகக் கருதப்படுகிறார் என்பதுதான் அதன் சாரம். நம்முடைய பேச்சில் சொன்னால், வேலையை விட்டுப் போய்விட்டார் என்று எழுதிவிட்டார்கள்.

டீச்சர் வராதிருந்தது பதினொரு நாள். ஊர் அட்டன் பக்கம். அரநாயக்கவில் ஒரு வாடகை அறையில் தங்கிப் படிப்பிக்கிறார். அம்மா லயத்துப் படியில் வழுக்கி விழுந்து இடுப்பெலும்பு முறிந்துபோனது. இரவோடிரவாகப் போனவர், மறுநாள் காலையில் பாடசாலைக்குப் போன் எடுத்து விஷயத்தைச் சொல்லியிருக்கிறார். எழுத்தில் லீவு கேட்கவில்லை. வீட்டில் வேறு ஆள் இல்லை. பதினொரு நாளும் ஆசுபத்திரி வாங்கிலேயே கழிந்திருக்கிறது. திரும்பி வந்தால் வரவுப் புத்தகத்தில் பெயருக்கு நேரே சிவப்பு மையும், அறை வாசலில் கடிதமும்.

கூட்டத்தில் பாதிப்பேர் கடிதம் சரிதான் என்றார்கள். அதை நாம் மறைக்க வேண்டியதில்லை. ரப்பர் மலையில் பால்வெட்டும் ஒரு தோழர் எழும்பி, "நாங்க ரெண்டு நாள் மலைக்குப் போகலேன்னா கணக்கப்பிள்ளை சும்மா விடுவாரா? அவுங்களுக்கு மாசம் பொறந்தா சம்பளம். எம்புள்ள பதினோரு நாள் சும்மா உக்காந்திட்டு வந்திருக்கு" என்று கேட்டார். கைதட்டல் விழுந்தது. மாதர் தலைவி கைதட்டல் அடங்கும் வரை இருந்துவிட்டு ஒரே ஒரு கேள்வி கேட்டார். "இந்த டீச்சர அனுப்பிட்டா அடுத்த டீச்சர் எந்த மாசம் வருவாங்கன்னு யாராச்சும் சொல்லுங்க."

அதற்கு யாரிடமும் பதில் இருக்கவில்லை. இந்தத் தலையங்கத்தை எழுத வைத்தது அந்தக் கேள்விதான்.

தோழர்களே, வேலைக்கு வராததற்குத் தண்டனை என்பது நம் சமூகத்துக்குப் புதிய விஷயமல்ல. இந்த நாட்டில் அதை நம்மைப்போல் அனுபவித்தவர்கள் குறைவு. 1865ஆம் ஆண்டின் 11ஆம் இலக்கத் தொழில் கட்டளைச் சட்டத்தின்படி, அறிவித்தல் கொடுக்காமல் வேலையை விட்டு நிற்பது குற்றம். சம்பளத்தை வெட்டுவதோடு அந்தக் குற்றம் தீராது. நீதவான் முன் நிறுத்தி மூன்று மாதம் வரை கடூழியச் சிறைக்கு அனுப்பலாம். அம்மை கண்டு லயத்தில் கிடந்தவரும், பங்காளி சாவுக்குப் பக்கத்துத் தோட்டத்துக்குப் போனவரும், துரையின் அடி பொறுக்காமல் ஓடியவரும் அந்தச் சட்டத்தின் கண்ணில் ஒன்றுதான். 'ஓடிப்போன கூலி' என்ற ஒரே பெயர். இதற்குத் துணையாகத் துண்டு முறை இருந்தது. கடன் தீர்ந்தது என்று தோட்டத்திலிருந்து துண்டு கிடைக்காமல் வேறு தோட்டத்தில் பேர் பதிய முடியாது. 1921இல் துண்டு ஒழிக்கப்பட்டது. அதை ஒட்டியே சிறைத் தண்டனையும் நீங்கியது. கணக்குப் பார்த்தால் அரை நூற்றாண்டுக்கு மேல் நம் பாட்டன் பூட்டன் வேலைக்கு வராத நாளுக்குச் சிறையில் கல்லுடைத்திருக்கிறார்கள்.

அந்தச் சட்டத்தின் கொடுமை தண்டனையின் அளவில் மட்டும் இருக்கவில்லை. ஏன் வரவில்லை என்று கேட்காததில் இருந்தது. காரணத்தைக் கேட்டால்தானே ஒருவருக்கும் மற்றவருக்கும் வித்தியாசம் தெரியும்?

இன்றைக்கும் மலையில் வித்தியாசம் தெரியாத விதிகள் உண்டு. கூட்டு ஒப்பந்தத்தில் வருகைக் கொடுப்பனவு இருந்த காலத்தைப் பலரும் மறந்திருக்க மாட்டீர்கள். 2013 ஒப்பந்தத்தில் அடிப்படைச் சம்பளம் 450 ரூபா, வருகைக் கொடுப்பனவு 140 ரூபா, விலைப்பங்கு 30 ரூபா, ஆகமொத்தம் 620 ரூபா. வருகைக் கொடுப்பனவு கிடைக்கத் தோட்டம் வேலை கொடுத்த நாட்களில் நூற்றுக்கு 75 நாளாவது வந்திருக்க வேண்டும். 24 நாள் வேலை கொடுத்த மாதத்தில் 18 நாள் வந்தவருக்கு முழுவதும் கிடைக்கும். 17 நாள் வந்தவருக்கு ஒரு சதமும் இல்லை. அந்த ஒரு நாளுக்காக, அன்றைய சம்பளம் போக, வேலை செய்த பதினேழு நாளின் 140 ரூபாயும் போனது. அது 2,380 ரூபா. ஐந்து நாளின் அடிப்படைச் சம்பளத்தைவிடக் கூட. பிள்ளைக்குக் காய்ச்சல் என்று ஒரு நாள் நின்ற தாய்க்கு ஐந்து நாள் சம்பளம் அபராதம்! அதை நாம் அன்று எதிர்த்தோம். 2016இல் அந்தக் கொடுப்பனவு 60 ரூபாயாகக் குறைந்தது, 2019இல் இல்லாமலே போனது.

இதே மலையில் இன்னொரு பழக்கமும் இருக்கிறது, அதையும் சொல்லத்தான் வேண்டும். கொழுந்து கிலோ குறைந்தால் அரைப்பேர். அரைப்பேர் போடுவதைப் பற்றி நமக்கு ஆயிரம் சண்டை. மழையில் கொழுந்து இல்லாத மலையைக் கொடுத்துவிட்டு அரைப்பேர் போடும் அநியாயத்தைப் பற்றி இதே பத்திரிகையில் பலமுறை எழுதியிருக்கிறோம். இருந்தாலும் அதற்குள் ஒரு அளவு இருக்கிறது. குறைந்ததற்குக் குறையும். கிலோ குறைந்தது என்பதற்காகச் செக்ரோலில் பேரையே வெட்டினால் எந்தத் தோட்டத் தலைவரும் அன்று மாலையே வேலைநிறுத்தம் வைப்பார். நமக்கு வேண்டும் என்று நாம் கேட்கும் அந்த அளவைத்தான் டீச்சருக்கும் கேட்கிறோம்.

அரச ஊழியர்களுக்கான விதி என்ன சொல்கிறது என்று பார்ப்போம். தாபனக் கோவையின் முதலாம் பாகத்தில் ஐந்தாம் அத்தியாயம், ஏழாம் பிரிவு. லீவின்றி வராதவர், வராத திகதியிலிருந்து பதவியை வறிதாக்கியவராகக் கருதப்படுவார். அதை அவருக்குப் பதிவுத் தபாலில் அறிவிக்க வேண்டும். இதற்குக் குற்றப்பத்திரமும் தேவையில்லை, விசாரணையும் தேவையில்லை. ஒரு ரூபாய் திருடியவருக்குக்கூடக் குற்றப்பத்திரம் கொடுத்து, பதில் வாங்கி, விசாரணை வைத்துத்தான் வேலையை எடுக்கலாம். வராதவருக்கு ஒரு முத்திரை போதும். ஆனால் அதே பிரிவு இன்னொன்றையும் சொல்கிறது. அறிவித்தல் கிடைத்த பின் நியாயமான காலத்துக்குள் அந்த ஊழியர் விளக்கம் கொடுத்தால் அதை அதிகாரி கவனிக்க வேண்டும். பதவி போனது போனதுதான் என்று முடிவெடுக்கலாம், தண்டனையோடு திரும்ப எடுக்கலாம், தண்டனை இல்லாமலும் எடுக்கலாம். கோவையின் இரண்டாம் பாகத்தில், 48ஆம் அத்தியாயத்தில், சிறிய தண்டனைகளும் பெரிய தண்டனைகளும் வரிசையாக இருக்கின்றன. கண்டனம், சம்பள ஏற்றத்தை ஒத்திவைத்தல், நிறுத்துதல் என்று தொடங்கி, பதவி இறக்கம், வேலைநீக்கம் வரை போகிறது. இவ்வளவு படி உள்ள ஏணியை வைத்துக்கொண்டு, வராதவரை மட்டும் உச்சியிலிருந்து நேரே கீழே தள்ளுவது எதற்கு?

தனியார் துறையிலும் கூட்டுத்தாபனங்களிலும் இதே கேள்வி பலமுறை நீதிமன்றத்துக்குப் போயிருக்கிறது. அரச பொறியியல் கூட்டுத்தாபன ஊழியர் ஒருவரின் வழக்கில் 1996இல் மேன்முறையீட்டு நீதிமன்றம், பதவி வறிதாக்கல் என்பதில் இரண்டு விஷயம் இருப்பதாகச் சொன்னது. ஒன்று, ஆள் வேலைத்தலத்துக்கு வராமல் இருப்பது. மற்றது, வேலையை விட்டுவிட வேண்டும் என்ற எண்ணம். ஆள் வரவில்லை என்பது மட்டும் போதாது, விட்டுவிட எண்ணினார் என்பதும் தெரிய வேண்டும். ஆசுபத்திரி வாங்கில் உட்கார்ந்துகொண்டு பாடசாலைக்குப் போன் எடுத்தவர் வேலையை விட எண்ணினார் என்று யார் சொல்வார்?

கடல் தாண்டிப் பார்த்தாலும் இதே நியாயம்தான். இந்திய உச்ச நீதிமன்றம் 2012இல் ஒரு மத்திய அரசு ஊழியரின் வழக்கில், வராமை வேண்டுமென்றே செய்ததா என்று முதலில் பார்க்க வேண்டும் என்றது. நோய், விபத்து, ஆசுபத்திரி போன்று கைமீறிய காரணத்தால் வராதவரைக் கடமை தவறியவர் என்று சொல்ல முடியாது என்று தீர்த்தது. அதே நீதிமன்றம் 2014இல் சென்னைக் குடிநீர் வாரியப் பொறியியலாளர் ஒருவரின் வழக்கில் மறுபக்கம் நின்றது. கூப்பிட்டுக் கூப்பிட்டும் வராமல் நீண்ட காலம் நின்றவரை வேலைநீக்கம் செய்தது அளவுக்கு மிஞ்சியதல்ல என்றது. இரண்டு தீர்ப்பையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் முரண்பாடு ஒன்றும் இல்லை. இரண்டிலும் ஆளைப் பார்த்திருக்கிறார்கள், காரணத்தைக் கேட்டிருக்கிறார்கள். சர்வதேச தொழில் தாபனத்தின் 1982ஆம் ஆண்டு 158ஆம் இலக்கச் சமவாயமும், நோயாலோ காயத்தாலோ தற்காலிகமாக வராததை வேலை நிறுத்துவதற்குக் காரணமாக எடுக்கக்கூடாது என்கிறது. இலங்கை அதை இன்னும் ஏற்றுக்கொள்ளவில்லை.

இனி 1980 பற்றி. இளைய தோழர்கள் பலருக்கு இது தெரியாது. பாடப் புத்தகத்தில் வராது, நாம்தான் சொல்ல வேண்டும்.

விலைவாசி ஏறிக்கொண்டிருந்தது. மாதம் 300 ரூபா சம்பள உயர்வும், வாழ்க்கைச் செலவுப் புள்ளி ஒன்றுக்கு 5 ரூபாயும் கேட்டுத் தொழிற்சங்கங்கள் ஒன்றுசேர்ந்தன. ஜூன் 5ஆம் திகதி கொழும்பில் மதிய உணவு நேர மறியல் நடந்தபோது நடந்த தாக்குதலில் டி. சோமபால என்ற தொழிலாளி கொல்லப்பட்டார். ஜூலை தொடக்கத்தில் இரத்மலானை ரயில்வே தொழிற்சாலைத் தொழிலாளர்களுடன் ஆரம்பித்த பிரச்சினை பொது வேலைநிறுத்தமாக வளர்ந்தது. ஜே.ஆர். ஜெயவர்த்தன அரசு ஜூலை 16ஆம் திகதி அவசரகால நிலையைக் கொண்டுவந்தது. அத்தியாவசிய சேவை என்று அறிவித்த இடங்களில் வேலைக்கு வராதவர் தமது பதவியைத் தாமே விட்டவராகக் கருதப்படுவார் என்றது. சுமார் நாற்பதாயிரம் பேருக்கு வேலை போனது.

இங்கே கவனியுங்கள். அவர்களில் ஒருவரையும் அரசு 'வேலைநீக்கம்' செய்யவில்லை. 'நீங்களே விட்டுப் போனீர்கள்' என்றது. சம்பளம் கூட்டிக் கேட்டுத் தெருவில் நின்றவரிடம், நீ வேலையே வேண்டாம் என்று போய்விட்டாய் என்று சொன்னது. விசாரணை இல்லை, குற்றப்பத்திரம் இல்லை, இத்தனை வருடச் சேவை என்ற கணக்கும் இல்லை. முப்பது வருடம் வேலை செய்தவருக்கும் மூன்று மாதம் வேலை செய்தவருக்கும், சங்கத் தலைவருக்கும், பயத்தில் வீட்டில் இருந்த எழுதுநருக்கும் ஒரே தண்டனை. வாடகை வீட்டை விட்டுத் துரத்தப்பட்டவர்கள், பிள்ளையின் படிப்பை நிறுத்தியவர்கள், உயிரை மாய்த்துக்கொண்டவர்கள் என்று அந்தக் கதை நீளும். பின்னால் கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்ப எடுக்கப்பட்டவர்கள் உண்டு, ஆண்டுக்கணக்கில் அலைந்தவர்களும் உண்டு. 'ஜூலை வேலைநிறுத்தக்காரர்' என்ற பெயர் தெற்கில் இன்னும் புழக்கத்தில் இருக்கிறது. மலையகத்தின் மிகப் பெரிய சங்கத்தின் தலைவர் அப்போது அமைச்சரவையில் இருந்தார் என்பதையும் நாம் மறக்கக்கூடாது. அதைப் பற்றி இன்னொரு நாள் எழுதுவோம்.

தமிழ்நாட்டில் 2003 ஜூலையில் இதே கதை இன்னும் பெரிய அளவில் நடந்தது. வேலைநிறுத்தம் செய்த அரசு ஊழியர், ஆசிரியர் சுமார் 170,000 பேரை ஜெயலலிதா அரசு ஒரே மூச்சில் வேலைநீக்கம் செய்தது. வேலைநிறுத்தம் செய்ய அரசு ஊழியருக்கு உரிமையே இல்லை என்று அந்த ஆகஸ்டில் உச்ச நீதிமன்றமும் சொன்னது. அந்தத் தீர்ப்போடு நமக்குக் கொஞ்சமும் உடன்பாடு இல்லை. ஆனாலும் மன்னிப்புக் கடிதம் வாங்கிக்கொண்டு பெரும்பாலானவர்களைத் திரும்பச் சேர்க்க வேண்டி வந்தது. அத்தனை வகுப்பறையையும் அத்தனை கந்தோரையும் யாரை வைத்து நடத்துவது?

வேலைநிறுத்தத்தையும் சாதாரண வராமையையும் ஒன்றாகப் போடுவது தவறு என்று சிலர் சொல்வார்கள். நாமும் அதைத்தான் சொல்கிறோம். ஒன்றாகப் போட்டது நாமல்ல, அந்தச் சட்டம்தான் போட்டது. வராதவர் என்ற ஒரே சொல்லுக்குள் தாயைப் பார்க்கப் போனவரும், உரிமை கேட்டு நின்றவரும், துபாய்க்குப் போய்விட்டவரும் அடங்கிவிட்டால், ஆட்சியில் உள்ளவர் தனக்குப் பிடிக்காதவர் மேல் அந்தச் சொல்லை எறியலாம். 2021 ஜூலையில் ஆசிரியர்கள் ஒன்லைன் வகுப்பை நிறுத்தி மூன்று மாதத்துக்கு மேல் போராடியபோது 1980 போல் கூட்டமாக வேலை பறிக்கப்படவில்லை. போராடியவர்களின் எண்ணிக்கை அவர்களைக் காத்தது. தனியாக அகப்படும் ஒரு டீச்சரை எது காக்கும்?

அரசு தனக்குத் தேவை வந்தபோது வராமையை எப்படிப் பார்த்தது என்பதற்கும் ஓர் உதாரணம் இருக்கிறது. 2022 ஜூனில், டொலர் இல்லை என்றபோது, அரச ஊழியர் ஐந்து வருடம் வரை சம்பளமில்லாத லீவில் வெளிநாடு போகலாம், சேவை மூப்புக்கும் ஓய்வூதியத்துக்கும் பங்கமில்லை என்று சுற்றறிக்கை வந்தது. ஐந்து வருடம் போகலாம், கதிரை காத்திருக்கும். அம்மாவைப் பார்க்கப் பதினொரு நாள் போனால் கதிரை பறந்துவிடும்!

இவ்வளவும் சொன்ன பின், அந்தப் பால்வெட்டுத் தோழரின் கேள்விக்கு வருவோம். அவர் சொன்னதில் பாதி உண்மை அல்ல, முழு உண்மை.

தோட்டப் பாடசாலையில் ஓர் ஆசிரியர் வராவிட்டால் அந்த வகுப்பைப் பார்க்க ஆள் இல்லை. பட்டணத்துப் பாடசாலையில் பக்கத்து வகுப்பு டீச்சர் ஒரு கண் வைப்பார். இங்கே பல பாடசாலைகளில் ஒரே டீச்சர் இரண்டு மூன்று வகுப்பைச் சேர்த்து வைத்துக்கொண்டு படிப்பிக்கிறார். அவர் வராத நாள் மூன்று வகுப்புக்கும் படிப்பில்லை. திங்கள் காலையில் நேரம் கழித்து வருவது, வெள்ளி பத்தரைக்குப் பஸ்ஸைப் பிடிக்கக் கிளம்புவது, மழை என்றால் வராதது, மெடிக்கல் வாங்கிக் கொடுத்துவிட்டுப் பட்டணத்தில் டியூசன் வகுப்பு நடத்துவது, இவையெல்லாம் நமக்குத் தெரியாதா? நம்மில் சிலர் பாடசாலைகளில் வேலை செய்கிறவர்கள், தெரிந்துதான் எழுதுகிறோம். அவர்களில் நம் சமூகத்துப் பிள்ளைகளும் இருக்கிறார்கள் என்பது வெட்கமான விஷயம். லயத்தில் பிறந்து, லயத்துத் தாயின் சந்தாவில் நடந்த சங்கம் போராடி வாங்கிய நியமனத்தில் ஏறியவர்கள், லயத்துப் பிள்ளையை வெறும் வகுப்பில் உட்கார வைக்கிறார்கள். அப்படிப்பட்டவரைச் சங்கம் காப்பாற்றாது. ஒரு முறை எழுத்தில் எச்சரிக்கை, மறுமுறை சம்பள ஏற்றம் நிறுத்தம், அதற்கு மேலும் திருந்தாவிட்டால் முறையான விசாரணை வைத்து அனுப்புங்கள். நாம் குறுக்கே நிற்க மாட்டோம்.

வராத நாளுக்குச் சம்பளம் வேண்டும் என்றும் நாம் கேட்கவில்லை. மலையில் பேர் இல்லாத நாளுக்குக் காசு இல்லை. பாடசாலையிலும் அப்படியே இருக்கட்டும். அந்த டீச்சரும் பதினொரு நாள் சம்பளத்தை வெட்டிக்கொள்ளுங்கள் என்றுதான் எழுதிக் கொடுத்திருக்கிறார்.

ஆனால் ஒரு தண்டனையை மட்டும் நாம் எந்த நிலையிலும் ஏற்க மாட்டோம். அது தண்டனை இடமாற்றம். பட்டணத்துப் பாடசாலையில் வராமல் திரிந்தவரை, குடித்துவிட்டு வந்தவரை, அதிபரோடு சண்டை பிடித்தவரைத் 'தோட்டத்துக்கு அனுப்பு' என்று ஒரு வழக்கம் நீண்ட காலமாக இருக்கிறது. குற்றம் செய்தவர் அவர், தண்டனை நம் பிள்ளைகளுக்கு! வராமைக்காக அனுப்பப்பட்டவர் இங்கே வந்து மட்டும் ஒழுங்காக வருவாரா? அந்தமானுக்கு நாடு கடத்துவதுபோல் நம் பாடசாலையை நினைக்கிறார்கள். ஆசிரியருக்குக் கொடுக்கும் தண்டனை அந்த ஆசிரியரின் சம்பளத்தில், பதவி உயர்வில் விழ வேண்டும். நாலாம் வகுப்புப் பிள்ளையின் கணக்குப் பாடத்தில் விழக்கூடாது.

கடுமையான தண்டனையால் நமக்கு நட்டம் என்பதற்கும் காரணம் அதுதான். பதவி வறிதானால் அந்த இடம் வெற்றிடம். தமிழ்மொழி மூல ஆசிரியர் சப்ரகமுவவின் தோட்டப் பகுதிகளுக்குப் பெரும்பாலும் வெளி மாவட்டத்திலிருந்துதான் வர வேண்டும். வந்தவரும் இரண்டு வருடத்தில் இடமாற்றம் கேட்பார். 2015 அளவில் தோட்டப் பாடசாலைகளுக்கு ஆசிரியர் உதவியாளர்களை எடுத்தபோது மாதம் 6,000 ரூபா கொடுத்தார்கள், பிறகு 10,000 ரூபா ஆக்கினார்கள். அறை வாடகைக்கும் பஸ்ஸுக்கும் காணாத காசு. அந்தக் காசுக்கு இரண்டு மூன்று பஸ் மாறி வந்த பிள்ளைகளும் இருந்தார்கள், வராமல் நின்றவர்களும் இருந்தார்கள். வராமையைப் பற்றிப் பேசுகிறவர்கள் அதையும் பேச வேண்டும். அறை இல்லாத இடத்தில், கழிப்பறை இல்லாத பாடசாலையில், மாலை நாலு மணிக்குப் பிறகு பஸ் இல்லாத பாதையில் ஓர் இளம் டீச்சரைப் போட்டுவிட்டு, சிவப்புப் பேனையை மட்டும் ஒழுங்காக அனுப்பினால் போதுமா?

2016 மே 17ஆம் திகதியை அரநாயக்கவில் யாரும் மறக்கப் போவதில்லை. சாமசர மலை சரிந்து சிரிபுர, எலங்கபிட்டிய, பல்லேபாகே கிராமங்களை மூடியது. நூற்றுக்கு மேற்பட்ட உயிர். அந்தக் கிழமை கடமைக்கு வராத ஓர் ஊழியரிடம் யார் போய் லீவுக் கடிதம் கேட்டிருப்பார்? கேட்டிருந்தால் அவரை நாம் என்ன சொல்லியிருப்போம்? ஒரு மலை சரிந்தால் எல்லோர் கண்ணுக்கும் தெரிகிறது. ஒரு வீட்டுக்குள் ஒரு தாய் விழுவது அந்த வீட்டுக்கு மட்டும்தான் தெரிகிறது. அதனால்தான் கேட்க வேண்டும் என்கிறோம்.

ஆகவே சங்கம் வலயக் கல்விப் பணிமனைக்கும் மாகாணக் கல்வி அமைச்சுக்கும் எழுதியிருப்பது இதுதான். பதவி வறிதாக்கல் கடிதம் அனுப்பும் முன் அந்த ஊழியரோடு ஒரு தடவையாவது தொடர்புகொண்டு காரணம் கேட்க வேண்டும். போனில் சொன்ன தகவலையும் பாடசாலைப் பதிவில் எழுத வேண்டும். முதல் தடவை தவறியவருக்குச் சிறிய தண்டனைக்கு மேல் போகக்கூடாது. பல மாதம், பல வருடம் தொடர்பே இல்லாமல் போனவரின் இடத்தை மட்டும் இழுத்தடிக்காமல் உடனே வெற்றிடமாக அறிவித்து ஆள் போட வேண்டும். வெளிநாட்டில் இருக்கும் ஒருவரின் பெயர் பதிவில் இருப்பதால் புது ஆசிரியர் வராத பாடசாலைகள் உண்டு. அதற்கு ஏன் இவ்வளவு தாமதம் என்பதையும் கேட்டிருக்கிறோம். ஒரு நாளில் எழுதக்கூடிய கடிதம் சிலருக்குப் பதினொரு நாளில் வருகிறது, சிலருக்கு மூன்று வருடமாகியும் வரவில்லை.

நம் வீடுகளில் அரசாங்க வேலை பார்க்கும் பிள்ளைகள் இப்போது பலர். தபால் கந்தோரில், பிரதேச செயலகத்தில், ஆசுபத்திரியில், பாடசாலையில். அவர்களுக்கு ஒரு வார்த்தை. அவசரம் என்றால் போன் போதாது. அன்றே ஒரு தந்தி போலாவது இரண்டு வரி எழுதிப் பதிவுத் தபாலில் போடுங்கள், ரசீதை வைத்துக்கொள்ளுங்கள். வாட்ஸ்அப்பில் அனுப்பினால் அந்தப் பக்கத்தைப் படம் எடுத்து வையுங்கள். கடிதம் வந்துவிட்டால் அழுதுகொண்டு வீட்டில் இருக்காமல் உடனே விளக்கம் எழுதுங்கள், ஆசுபத்திரிச் சீட்டை இணையுங்கள். கோவை கொடுக்கும் அந்தக் கதவு நியாயமான காலம் வரைதான் திறந்திருக்கும். முடிவு பாதகமாக வந்தால் மாகாண அரச சேவை ஆணைக்குழு இருக்கிறது, அதற்கு மேலும் வழி உண்டு. சங்கத்துக்கு வாருங்கள்.

தோட்டத்தில் வேலை செய்கிறவர்களுக்கு வழி வேறு. 'வேலையை விட்டுப் போய்விட்டாய்' என்று சொல்லிச் செக்ரோலில் பேரை வெட்டினால் தொழில் நியாய சபைக்குப் போகலாம். ஆனால் வேலை நின்ற நாளிலிருந்து ஆறு மாதத்துக்குள் விண்ணப்பம் போட வேண்டும். முன்பு அவகாசம் தாராளமாக இருந்தது, 2003 திருத்தத்தில் ஆறு மாதமாக்கிவிட்டார்கள். துரை பார்த்துச் செய்வார், அடுத்த மாதம் பேர் போடுவார் என்று காத்திருந்தே ஏழாம் மாதம் சங்கத்துக்கு வந்தவர்கள் உண்டு. அப்போது நம்மால் செய்யக்கூடியது மிகக் கொஞ்சம். பேர் வெட்டிய கிழமையே தோட்டத் தலைவரிடம் சொல்லுங்கள். பெரட்டுக்குப் போய் நில்லுங்கள். வேலை கேட்டேன், தரவில்லை என்று சொல்ல இரண்டு சாட்சி வேண்டும். வேலையை விடும் எண்ணம் இல்லை என்பதற்கு அதைவிட நல்ல சான்று கிடையாது.

அந்த டீச்சரின் விளக்கக் கடிதம் போய் மூன்று கிழமையாகிறது. பதில் இன்னும் இல்லை. சம்பளமும் இல்லை. ஆனாலும் அவர் தினம் காலை ஏழரைக்குப் பாடசாலைக்கு வருகிறார். வரவுப் புத்தகத்தில் கையெழுத்துப் போட அனுமதி இல்லாததால், வகுப்பில் மட்டும் நிற்கிறார். பெற்றோர் சார்பில் ஒரு மனு எழுதப்பட்டிருக்கிறது. டீச்சரைத் திரும்ப எடுங்கள், பதினொரு நாள் சம்பளத்தை வெட்டுங்கள், இனி லீவை எழுத்தில் கேட்கச் சொல்லுங்கள் என்று மூன்று வரிதான். மாதர் தலைவி லயம் லயமாகக் கொண்டுபோனார். நூற்றுப் பதினேழு கையெழுத்தும் கைநாட்டும் சேர்ந்திருக்கின்றன. நாற்பத்தோராவது கையெழுத்து அந்தப் பால்வெட்டுத் தோழருடையது. "சம்பளத்த வெட்டுறதுன்னா சரி" என்று சொல்லிவிட்டுப் போட்டாராம். வரும் புதன்கிழமை காலை ஒன்பது மணிக்கு மனுவைக் கையளிக்கப் போகிறோம். வரக்கூடிய பெற்றோர் ஏழு மணி பஸ்ஸுக்குச் சந்திக்கு வந்துவிடவும். அன்றைய பேர் போகும் என்பது தெரியும், கிளை நிதியிலிருந்து பஸ் காசு மட்டும் கொடுக்க முடியும்.